கனடாவின் ரிசேர்வ் காணிகள்: நம்மவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகள்

ரொறன்ரோவில் பள்ளிக்கூடத்தின் காலை அறிவிப்பில், கோடைத் தெருவிழா மேடையில், மாநகரசபைக் கூட்டத்தில் என்று பல இடங்களில் இப்போது ஒரு பந்தியை வாசிக்கிறார்கள். நாம் நிற்கும் நிலம் மிசிசாகா, அனிஷினாபே, சிப்பவா, ஹோடினஷோனி, வென்டாட் மக்களின் நிலம் என்பது அதன் சாரம். பிள்ளைகளுக்கு அது மனப்பாடம். பெற்றோருக்குத்தான் சந்தேகங்கள். குடியுரிமைத் தேர்வுக்குப் படிக்கும் நம்மவர்களுக்கு நான் உதவி செய்வதால், அந்தச் சந்தேகங்கள் கடைசியில் என்னிடம் வந்து சேரும். கேட்டவர்கள் கேட்ட விதத்திலேயே கேள்விகளை எழுதி, பதில்களையும் இங்கே தருகிறேன்.

ஒரு விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அரசு இரக்கப்பட்டுக் கொடுத்த காணி என்று நினைத்துக்கொண்டு வாசித்தால் ரிசேர்வின் வரலாறு விளங்கவே விளங்காது. பூர்வகுடிகளின் நிலத்தில் எடுத்தது போக மிஞ்சிய காணிதான் ரிசேர்வ். அப்புறம், கீழே ‘இந்தியர் சட்டம்’ என்று வரும் இடமெல்லாம் இந்த நாட்டின் பூர்வகுடிகளைப் பற்றியது. இந்தியாவிலிருந்து வந்தவர்களைப் பற்றியது இல்லை.

ரிசேர்வ் என்றால் என்ன? சரணாலயமா, முகாமா, கிராமமா?

சட்டப்படி பார்த்தால், ஒரு முதற்குடிச் சமூகத்தின் (First Nation, பூர்வகுடிகளில் ஒரு பிரிவு) பயன்பாட்டுக்கென்று ஒதுக்கி, உரிமையை முடியரசின் (Crown, அதாவது அரசின்) பெயரில் வைத்திருக்கும் காணி. நேரில் பார்த்தால் அது ஓர் ஊர். வீடுகள், பள்ளிக்கூடம், தேவாலயம், சமூக மண்டபம், சுடுகாடு, எரிபொருள் நிலையம் எல்லாம் இருக்கும். சில ரிசேர்வுகள் வன்கூவர் நகரத்தின் நடுவில் இருக்கின்றன. சிலவற்றுக்கு விமானத்தில் மட்டுமே போகலாம். குளிர்காலத்தில் ஏரி உறைந்த பிறகுதான் லொறி போகும்.

வேலி கிடையாது, வாசலில் காவல் கிடையாது. நெடுஞ்சாலையில் ஒரு பெயர்ப்பலகையைத் தாண்டுவீர்கள், அவ்வளவுதான். ஆனால் அந்தப் பலகைக்கு அப்பால் காணி, வரி, வாரிசு, கடன் ஆகிய நான்கிலும் சட்டம் மாறிவிடுகிறது.

மொத்தம் எவ்வளவு காணி? கனடாவில் பாதி அவர்களுடையது என்கிறார்களே?

600-க்கும் மேற்பட்ட முதற்குடிச் சமூகங்கள், 3,000-க்கும் மேற்பட்ட ரிசேர்வுகள். எல்லாவற்றையும் கூட்டினாலும் கனடாவின் நிலப்பரப்பில் அரை சதவீதம் வராது. 2021 கணக்கெடுப்பின்படி பூர்வகுடிகள் சுமார் 18 லட்சம் பேர், அதாவது மக்கள்தொகையில் 5 சதவீதம். இதில் முதற்குடிகள் 10 லட்சத்துக்குச் சற்று மேல். மற்றவர்கள் மேற்றிகளும் (பூர்வகுடி, ஐரோப்பியக் கலப்பு வம்சத்தினர்) இனுயிற்றுகளும் (வடதுருவப் பகுதி மக்கள்). இனுயிற் மக்களுக்கு ரிசேர்வ் முறை கிடையாது. நுனாவுட் போன்ற நில ஒப்பந்தங்கள் தனிக்கதை. மேற்றிகளுக்கு அல்பேற்றாவில் மட்டும் எட்டுக் குடியேற்றங்கள் உண்டு.

இதை யார் தொடங்கினார்கள்? எப்போது?

1637-ல் கியூபெக் நகருக்கு அருகே சில்லெரி என்ற இடத்தில் இயேசு சபைக் குருமார் மதம் மாறியவர்களுக்காக அமைத்த குடியிருப்பைத்தான் வழக்கமாக முதல் ரிசேர்வ் என்பார்கள். இன்றைய சட்டத்தின் வேர் 1763-ல் இருக்கிறது. பிரான்சோடு நடந்த போரில் பிரித்தானியா வென்றது. ஆனால் உள்நாட்டில் பொன்ரியாக் என்ற ஒட்டாவா இனத் தலைவரும் கூட்டாளிகளும் கோட்டைகளை ஒவ்வொன்றாகப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். அந்த நெருக்கடியில் மூன்றாம் ஜோர்ஜ் மன்னர் ஒரு பிரகடனம் வெளியிட்டார். பூர்வகுடிகள் விட்டுக்கொடுக்காத நிலம் அவர்களுடையது. அதை எந்தத் தனியாரும் வாங்க முடியாது. முடியரசு மட்டுமே, பகிரங்கக் கூட்டத்தில், அவர்கள் சம்மதத்தோடு வாங்கலாம் என்றது அது.

படிக்க நல்ல பாதுகாப்பாகத்தான் தெரிகிறது. ஆனால் வாங்க ஒரே ஓர் ஆள்தான் இருக்கிறான் என்றால் விலையை யார் சொல்வது? ரிசேர்வ் வரலாறு முழுவதும் இந்தச் சிக்கல் கூடவே வருகிறது. 1867-ல் கனடா உருவானபோது ‘இந்தியர்களும் இந்தியர்களுக்கு ஒதுக்கிய நிலங்களும்’ மத்திய அரசின் பொறுப்பு என்று அரசியலமைப்பின் 91(24)-ஆம் பிரிவு எழுதிவைத்தது. 1876-ல் இந்தியர் சட்டம் வந்தது. பலமுறை திருத்தப்பட்டாலும் இன்றும் அது நடைமுறையில் உள்ள சட்டம்.

ரொறன்ரோவை அவர்களே விற்றுவிட்டார்கள்தானே? பிறகு எதற்கு அந்த நில அறிவிப்பு?

1787-ல் மிசிசாகா மக்களுக்கும் பிரித்தானிய அதிகாரிகளுக்கும் ஒரு பேச்சுவார்த்தை நடந்தது உண்மை. பித்தளைப் பாத்திரம், கண்ணாடி, சரிகைத் தொப்பி, ரம் எல்லாம் கைமாறின. சில ஆண்டுகள் கழித்து ஆவணத்தைத் தேடி எடுத்தபோது அதில் நிலத்தின் விவரமே இல்லை, வெற்றுத்தாள். தலைவர்களின் குலச்சின்னங்கள் வேறொரு துண்டில் வரையப்பட்டு அதில் இணைக்கப்பட்டிருந்தன. எந்தக் காணி, எது எல்லை, எவ்வளவு பரப்பு என்று ஒரு வரி கிடையாது. நம் ஊரில் எந்த நொத்தாரிசும் இதை உறுதி என்று ஏற்கமாட்டார்.

இது செல்லாது என்று பிரித்தானிய அதிகாரிகளுக்கும் தெரிந்திருந்தது. அதனால் 1805-ல் மிசிசாகா மக்களை மறுபடி அழைத்து 10 ஷில்லிங்குக்கு ஒரு புதிய உறுதி முடித்தார்கள். அதில் எழுதிய பரப்பு 2,50,830 ஏக்கர். 1787-ல் பேசியதைவிட இது மிகப் பெரிது என்பதை அப்போது அவர்களுக்குச் சொல்லவில்லை. இந்த வழக்கு 2010-ல்தான் தீர்ந்தது. மத்திய அரசு 14.5 கோடி டொலர் கொடுத்தது. கிரெடிட் ஆற்றங்கரையில் இருந்த மிசிசாகாக்கள் 1847-லேயே ஹேகர்ஸ்வில் பக்கம் போய்விட்டார்கள். அங்கே அவர்களுக்கு இடம் கொடுத்தது அரசு அல்ல, பக்கத்து சிக்ஸ் நேஷன்ஸ் மக்கள் (ஹோடினஷோனி கூட்டமைப்பின் ஆறு இனத்தவர்).

நாங்கள் ஸ்காபரோவில் இருக்கிறோம். எங்கள் பக்கம் எந்த ஒப்பந்தம்?

ஸ்காபரோ, பிக்கரிங், ஏஜாக்ஸ் பக்கம் 1923-ன் வில்லியம்ஸ் ஒப்பந்தங்கள் வருகின்றன. ஏழு சமூகங்கள் அவற்றில் கையெழுத்திட்டன. நீங்கள் பெயர் கேள்விப்பட்ட ராமா, ஸ்கூகொக் தீவு, ஜோர்ஜினா தீவு எல்லாம் இதில் அடக்கம். ஆளுக்கு 25 டொலர், ஒரே ஒரு முறை கொடுத்தார்கள். அதற்குப் பதிலாக அந்த மக்கள் வேட்டையாடும், மீன்பிடிக்கும் உரிமையையும் இழந்தார்கள் என்று அரசு பொருள்கொண்டது. சொந்த ஏரியில் மீன் பிடித்ததற்காகப் பலர் தண்டிக்கப்பட்டார்கள்.

2018-ல்தான் இது முடிவுக்கு வந்தது. மத்திய, மாகாண அரசுகள் சேர்ந்து 110 கோடி டொலருக்கு மேல் கொடுத்தன, வேட்டை, மீன்பிடி உரிமைகளை ஏற்றுக்கொண்டன, மன்னிப்பும் கேட்டன. ஒவ்வொரு சமூகமும் 11,000 ஏக்கர் வரை காணி வாங்கி ரிசேர்வோடு சேர்க்க விண்ணப்பிக்கலாம் என்றும் ஒப்புக்கொண்டன.

சிக்ஸ் நேஷன்ஸுக்கு ஆற்றங்கரை முழுவதையும் கொடுத்தார்களாம். அது எங்கே போனது?

அமெரிக்கச் சுதந்திரப் போரில் பிரித்தானியாவோடு சேர்ந்து போரிட்டதால் தங்கள் தாயகத்தை இழந்தவர்கள் இவர்கள். 1784-ல் ஆளுநர் ஹால்டிமண்ட், கிராண்ட் ஆற்றின் இரு கரையிலும் ஆறு மைல் ஆழத்துக்கு, ஆறு தொடங்கும் இடத்திலிருந்து முடியும் இடம் வரை, அவர்களும் அவர்கள் சந்ததியும் என்றென்றும் அனுபவிக்க என்று எழுதிக் கொடுத்தார். சுமார் 9,50,000 ஏக்கர். இன்றைய கிச்சனர், வாட்டர்லூ, கேம்பிரிட்ஜ், பிரான்ட்ஃபர்ட் எல்லாம் அதற்குள் வரும். இன்று அவர்கள் கையில் இருப்பது ஏறத்தாழ 46,000 ஏக்கர்.

போன விதம் பலவகை. சிலவற்றைத் தலைவர் ஜோசப் பிரான்ட் வருமானத்துக்காக விற்றார், குத்தகைக்குக் கொடுத்தார். சிலவற்றில் வெள்ளையர் அத்துமீறிக் குடியேறினார்கள். அரசு அவர்களை எழுப்பாமல், காணியை எங்களிடம் ஒப்படைத்துவிடுங்கள் என்று பூர்வகுடிகளை நெருக்கியது. விற்ற பணத்தை அரசே பொறுப்பாளராக இருந்து வைத்துக்கொண்டது. அதில் ஒரு பங்கை அவர்களைக் கேட்காமலே கிராண்ட் ஆற்றில் படகுப் போக்குவரத்து நடத்தவந்த ஒரு கம்பெனியின் பங்குகளில் போட்டார்கள். அந்தக் கம்பெனி கட்டிய அணைகளால் அவர்கள் வயல்கள் வெள்ளத்தில் மூழ்கின, பின்னர் கம்பெனியும் திவாலானது. எங்கள் பணத்துக்கும் காணிக்கும் கணக்குக் காட்டுங்கள் என்று 1995-ல் சிக்ஸ் நேஷன்ஸ் வழக்குப் போட்டது. கேட்டது கணக்கு. முப்பது ஆண்டுகள் இழுபட்டதற்கு இதைவிட எளிமையான கோரிக்கையை நான் அறியேன்.

மேற்குப் பக்கம் எப்படிப் பங்கு பிரித்தார்கள்?

1871-லிருந்து 1921 வரை, இலக்கமிட்ட 11 ஒப்பந்தங்கள். வடமேற்கு ஒன்ராறியோவிலிருந்து றொக்கி மலை வரைக்கும், வடக்கே மெக்கன்சி ஆறு வரைக்கும் நிலம் இவற்றுக்குள் வருகிறது. முதல் ஒப்பந்தத்தில் ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு 160 ஏக்கர், அதாவது தலைக்கு 32. மூன்றாம் ஒப்பந்தத்தில் தலைவர்கள் பேரம்பேசி அதைக் குடும்பத்துக்கு ஒரு சதுர மைல், 640 ஏக்கர் ஆக்கினார்கள். அதே காலத்தில் வெளியிலிருந்து வந்த ஒரு குடியேறி 10 டொலர் பதிவுக் கட்டணம் கட்டி 160 ஏக்கர் எடுக்கலாம். பூர்வகுடி ஒருவர் அப்படி எடுக்க முடியாது. 1876 சட்டம் தடுத்தது.

பிரிட்டிஷ் கொலம்பியாவில் நிலைமை இன்னும் மோசம். வன்கூவர் தீவில் 1850-களில் செய்த 14 சிறு ஒப்பந்தங்களையும் வடகிழக்கு மூலையையும் விட்டால், ஒப்பந்தமே இல்லாமல் நிலத்தை எடுத்துக்கொண்டார்கள். 1860-களில் அங்கே காணிப் பொறுப்பில் இருந்த ஜோசப் ட்ரட்ச், முன்பு அளந்து விட்டிருந்த ரிசேர்வுகளையே குறைத்தார். குடும்பத்துக்கு 10 ஏக்கர் போதும் என்பது அவர் கணக்கு.

சரி, ஒதுக்கிய ரிசேர்வாவது அப்படியே அவர்கள் கையில் இருந்ததா?

இல்லை. இதைப் பலர் அறிவதில்லை. வன்கூவரில் இன்றைய பர்ராட் பாலத்தின் அடிவாரத்தில் செனாக் என்ற ஸ்குவாமிஷ் கிராமம் இருந்தது. அது முறையாகப் பதிவான ரிசேர்வ். நகரம் வளர்ந்து அதைச் சூழ்ந்துகொண்டது. 1913-ல் மாகாண அரசு குடும்பங்களுக்குப் பணம் கொடுத்து, அவர்களையும் சாமான்களையும் ஒரு தெப்பக் கப்பலில் ஏற்றி அனுப்பியது. பிறகு வீடுகளைக் கொளுத்தினார்கள். பல்லாண்டு வழக்குக்குப் பிறகு 2003 அளவில் திரும்பிக் கிடைத்தது பாலத்தின் கீழே சுமார் பத்தரை ஏக்கர். ஸ்குவாமிஷ் மக்கள் இப்போது அதே இடத்தில் 11 கோபுரங்களில் சுமார் 6,000 வாடகை வீடுகளைக் கட்டுகிறார்கள். அது ரிசேர்வ் என்பதால் மாநகரத்தின் உயரக் கட்டுப்பாடு அங்கே செல்லாது.

1911-ல் ஒரு திருத்தம் வந்தது: 8,000 பேருக்கு மேல் உள்ள நகரத்தை ஒட்டிய ரிசேர்வை, மக்களின் சம்மதம் இல்லாமலே நீதிமன்ற உத்தரவோடு அகற்றலாம். முதல் உலகப் போர் முடிந்ததும், திரும்பிவந்த போர்வீரர்களுக்குக் குடியேற்றக் காணி வேண்டும் என்று மேற்கு ரிசேர்வுகளிலிருந்து பல ஆயிரம் ஏக்கர் எடுக்கப்பட்டது. அதே போரில் சண்டையிட்ட பூர்வகுடி வீரர்களுக்கு அந்தத் திட்டத்தின் பயன் பெரும்பாலும் எட்டவில்லை.

ஒன்ராறியோவில் ஹூரன் ஏரிக்கரையில் ஸ்டோனி பொயிண்ட் ரிசேர்வின் சுமார் 2,200 ஏக்கரை 1942-ல் இராணுவப் பயிற்சிக்கு எடுத்தார்கள். போர் முடிந்து தேவையில்லாதபோது திருப்பித் தருவதாகச் சொன்னார்கள். ஐம்பது ஆண்டு கழித்தும் தரவில்லை. 1995 செப்டம்பர் 6-ஆம் திகதி, அருகே இப்பர்வாஷ் மாகாணப் பூங்காவில் அமர்ந்து போராடியவர்கள் மீது பொலிசார் சுட்டதில் டட்லி ஜோர்ஜ் இறந்தார். காணியைத் திருப்பித் தரும் ஒப்பந்தம் 2016-ல் கையெழுத்தானது. பாதுகாப்புக்கென்று எடுத்த காணி பல தசாப்தமாகத் திரும்பாமல் இருப்பது என்னவென்று யாழ்ப்பாணத்து வலிகாமம் வடக்கிலிருந்து வந்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

இவ்வளவு அநியாயம் என்றால் ஏன் அப்போதே வழக்குப் போடவில்லை?

போட முயன்றார்கள். ஒட்டாவாவுக்கும் லண்டனுக்கும் தூது போனார்கள். அதற்கு வந்த பதில் 1927-ல் இந்தியர் சட்டத்தில் சேர்த்த 141-ஆம் பிரிவு. காணிக் கோரிக்கைக்காகப் பணம் திரட்டுவதும், அதற்காக வழக்கறிஞர் பணம் வாங்குவதும், அரசின் அனுமதி இல்லாவிட்டால் குற்றம். 1951 வரை அது சட்டமாக இருந்தது. மத்தியத் தேர்தலில் வாக்களிக்க, இந்தியர் சட்டப்படி பதிவுபெற்றவர் என்ற அந்தஸ்தை விடாமல், அவர்களுக்கு முடிந்தது 1960-லிருந்துதான். 1973-ல் நிஸ்கா மக்களின் கால்டர் வழக்கில், குடியேற்றத்துக்கு முன்பே இருந்த நில உரிமை சட்டத்தில் உண்டு என்று உச்ச நீதிமன்றம் ஏற்றது. அதன்பிறகே அரசு கோரிக்கைகளை விசாரிக்க ஓர் அலுவலகம் திறந்தது. தாமதம் யாருடையது என்று இதிலிருந்து நீங்களே பார்க்கலாம்.

ரிசேர்வை விட்டு வெளியே போகப் பாஸ் எடுக்க வேண்டுமாம். உண்மையா?

உண்மை. 1885-ல் சஸ்கச்சுவான் பக்கம் நடந்த கிளர்ச்சிக்குப் பிறகு, புல்வெளி மாகாணங்களில் ரிசேர்வை விட்டு வெளியே போக அரசின் முகவர் கையெழுத்திட்ட பாஸ் வேண்டும் என்று வைத்தார்கள். எங்கே போகிறாய், எதற்கு, எத்தனை நாள் என்று அதில் எழுதியிருக்கும். இதற்குச் சட்டம் எதுவும் கிடையாது. அதிகாரிகளுக்கே அது தெரியும். அப்படியிருந்தும் பல பத்தாண்டுகள் ஓடியது. பூர்வகுடிப் பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்து வைத்த விடுதிப் பள்ளியில் இருந்த தன் பிள்ளையைப் பார்க்கவும் தாய் பாஸ் கேட்க வேண்டியிருந்தது.

பயிரை விற்கத் தனி அனுமதிச் சீட்டு வேண்டும் என்பதோ சட்டத்திலேயே இருந்தது. கோதுமை, மாடு, வைக்கோல் எதுவானாலும் முகவர் சம்மதம் இல்லாமல் விற்கக்கூடாது. பக்கத்து வெள்ளை விவசாயிகளுக்குப் போட்டி குறைந்தது. அந்தப் பிரிவுகளைச் சட்டப் புத்தகத்திலிருந்து எடுத்தது 2014-ல்.

ரிசேர்வில் இருக்கும் வீட்டின் காணி உறுதி யார் பெயரில்?

யார் பெயரிலும் இல்லை என்பதுதான் கிட்டத்தட்டச் சரியான பதில். முதல் கேள்வியில் சொன்னபடி காணி முடியரசின் பெயரில். சமூகத்துக்குப் பயன்பாட்டு உரிமை. ஒரு குடும்பத்துக்கு ‘அனுபவச் சான்றிதழ்’ கிடைக்கலாம். அதைப் பிள்ளைகளுக்கு விடலாம், அதே சமூகத்தில் இன்னொருவருக்கு மாற்றலாம், அதற்கும் அமைச்சரின் ஒப்புதல் வேண்டும். வெளியாருக்கு விற்க முடியாது.

பெரிய அடி விழுவது வங்கியில். இந்தியர் சட்டத்தின் 89-ஆம் பிரிவின்படி ரிசேர்வில் உள்ள சொத்தை வெளியார் பறிமுதல் செய்ய முடியாது. அதனால் வங்கி அதை ஈடாக எடுக்காது. நாமெல்லாம் இங்கே வந்து ஐந்தாறு வருடத்தில் மோர்கேஜ் போட்டு ஒரு வீடு வாங்கி, அதன் மதிப்பு ஏற ஏற அதைக் காட்டிக் கடன் எடுத்துக் கடை திறந்து, பிள்ளையைப் படிப்பித்து முன்னேறினோம். அந்த ஏணியே ரிசேர்வில் கிடையாது. சமூகமோ மத்திய அரசோ உத்தரவாதம் கொடுத்தால்தான் வீட்டுக்கடன். 1990-களின் இறுதியிலிருந்து பல சமூகங்கள் இந்தியர் சட்டத்தின் காணிப் பிரிவுகளிலிருந்து விலகித் தங்கள் சொந்தக் காணிச் சட்டத்தை இயற்றி வருகின்றன. அங்கே குத்தகையும் பதிவும் எவ்வளவோ வேகமாக நடக்கின்றன.

அவர்கள் வரியே கட்டுவதில்லையாமே? அங்கே பெற்றோல் மலிவு, நாங்களும் அடிக்கலாமா?

பதிவுபெற்ற பூர்வகுடி ஒருவர் ரிசேர்வில் வேலைசெய்து பெறும் வருமானத்துக்கும், அங்கே உள்ள உடைமைக்கும் வரிவிலக்கு உண்டு. டவுன்டவுனில் வேலைசெய்து ஸ்காபரோவில் குடியிருக்கும் பூர்வகுடி நம்மைப் போலவே வருமான வரி கட்டுகிறார். மேற்றிகளுக்கும் இனுயிற்றுகளுக்கும் இந்த விலக்கு கிடையாது. பெற்றோல், சிகரெட் விஷயத்திலும் விலக்கு அவர்களுக்குத்தான். நாம் அங்கே வாங்கினால் சட்டப்படி வரி கட்ட வேண்டியவர்களே.

அரசு மாதாமாதம் சும்மா காசு கொடுக்கிறதுதானே?

ஒப்பந்தப் பணம் என்று ஒன்று உண்டு. பெரும்பாலான இலக்கமிட்ட ஒப்பந்தங்களில் அது ஆளுக்கு ஐந்து டொலர். மாதத்துக்கு அல்ல, வருடத்துக்கு. 1870-களில் எழுதிய தொகை இன்றும் அதே ஐந்துதான். வருடத்தில் ஒருநாள் மேசை போட்டு, சிவப்புச் சீருடைப் பொலிஸ் பக்கத்தில் நிற்க, ஐந்து டொலர் நோட்டாகவே கொடுப்பார்கள். பலர் அதைப் பணத்துக்காக வாங்குவதில்லை. ஒப்பந்தம் இன்னும் உயிரோடு இருக்கிறது என்பதற்கு அடையாளமாக வரிசையில் நிற்கிறார்கள்.

ஹூரன், சுப்பீரியர் ஏரிகளின் வட கரையில் 1850-ல் நடந்த றொபின்சன் ஒப்பந்தங்களில் ஒரு வாக்குறுதி இருந்தது: நிலத்தின் வருமானம் கூடினால் ஆண்டுத் தொகையும் கூடும். அந்தக் காட்டிலும் சுரங்கத்திலும் கோடிக்கணக்கில் எடுத்தார்கள். தொகை 1875-ல் நான்கு டொலர் ஆனது, அப்படியே நின்றுவிட்டது. 2023-ல் ஹூரன் பகுதிச் சமூகங்களுக்கு 1,000 கோடி டொலர் கொடுக்க இரு அரசுகளும் ஒப்புக்கொண்டன. 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றமும் முடியரசு நூற்றைம்பது ஆண்டுகளாக வாக்குத் தவறியது என்று கடுமையாகவே சொன்னது. செய்தியில் பெரிய தொகையைப் பார்த்து ‘அள்ளிக் கொடுக்கிறார்கள்’ என்று சொல்பவர்களுக்கு நான் சொல்வது, அது பழைய கடனின் நிலுவை.

ராமா கசினோ அவர்களுடையதா? அப்படியானால் எல்லாரும் பணக்காரரா?

காணி ராமா முதற்குடியுடையது. சூதாட்டத்தை நடத்தும் சட்ட அதிகாரம் மாகாண லொத்தர் கழகத்திடம். தொடக்கத்தில் அந்தக் கசினோவின் லாபம் ஒன்ராறியோ முதற்குடிகளிடையே பகிரப்பட்டது. பின்னர் அது கழகத்தின் மொத்த வருமானத்தில் 1.7 சதவீதமாக மாற்றப்பட்டு நூற்றுக்கு மேற்பட்ட சமூகங்களுக்குப் பிரிகிறது. நெடுஞ்சாலைக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு ரிசேர்வை வைத்து, விமானத்தில் மட்டும் போகக்கூடிய வடக்கு ரிசேர்வை எடைபோடக் கூடாது.

கனடாவில் ஏன் சில ரிசேர்வுகளுக்குக் குடிக்கத் தண்ணீர் இல்லை?

மனிற்றோபா எல்லையில் உள்ள ஷோல் லேக் 40 என்ற ஊரைச் சொன்னால் போதும். வின்னிபெக் நகரம் 1919-லிருந்து தன் குடிநீரை ஷோல் ஏரியிலிருந்து எடுக்கிறது. அதற்காக அந்தச் சமூகத்தின் காணியை எடுத்துக் கால்வாய் வெட்டினார்கள். அதில் அவர்கள் குடியிருப்பு தீவாகிவிட்டது. கோடையில் படகு, குளிரில் பனிக்கட்டி மேல் நடை. பனி மெலிந்த காலத்தில் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு போனார்கள். சாலை இல்லாததால் சுத்திகரிப்பு நிலையம் கட்டச் செலவு அதிகம் என்று தள்ளிப்போட்டார்கள். 1997-லிருந்து தண்ணீரைக் கொதிக்கவைத்துக் குடிக்க வேண்டிய நிலை. அதே ஏரித் தண்ணீர் வின்னிபெக்கில் குழாயில் ஓடிக்கொண்டிருந்தது. 2019-ல் ‘சுதந்திரச் சாலை’ என்று அவர்களே பெயரிட்ட சாலை வந்தது, 2021-ல் சுத்திகரிப்பு நிலையம் வந்தது.

பொதுவான காரணம் ஒன்றும் உண்டு. நகரங்களின் தண்ணீருக்கு மாகாணச் சட்டம் உண்டு. ரிசேர்வு மத்திய அரசின் பொறுப்பு, அங்கே அதற்கு இணையான சட்டப் பாதுகாப்பு இல்லை. ஒன்ராறியோவின் வடக்கே நெஸ்கன்டாகா என்ற ஊரில் கொதிநீர் அறிவிப்பு 1995-ல் தொடங்கியது. அந்த ஆண்டு பிறந்த குழந்தைகள் இன்று பெற்றோர்கள்.

இவ்வளவு கஷ்டம் என்றால் ரிசேர்வை விட்டு வந்துவிடலாமே?

பலர் வந்துவிட்டார்கள். 2021-ல் பதிவுபெற்றவர்களில் ஏறத்தாழ 40 சதவீதம் பேரே ரிசேர்வில் இருந்தார்கள். ஆனால் நீண்டகாலம் வெளியேறுவது என்றால் அடையாளத்தையே இழப்பது. 1876 சட்டப்படி ஒரு பூர்வகுடி மருத்துவரானாலோ, பல்கலைக்கழகப் பட்டம் பெற்றாலோ அத்தோடு சட்டத்தின் கண்ணில் அவர் பூர்வகுடி இல்லை. 1880-ல் அந்தத் தானாக நீக்கும் விதி போனது. ஆனால் வெளியாரை மணந்த பெண் அந்தஸ்தையும் ரிசேர்வில் வாழும் உரிமையையும் இழப்பது 1985 வரை தொடர்ந்தது. கணவன் இறந்தாலும், மணமுறிவு ஆனாலும், தாய்வீட்டுக்குத் திரும்ப முடியாது. ஆண் வெளியாரை மணந்தால் அவன் மனைவிக்கு அந்தஸ்து கிடைத்தது. சான்ட்ரா லவ்லேஸ் என்ற மலிசீற் பெண் ஐ.நா. மனித உரிமைக் குழு வரை போய் 1981-ல் வென்ற பிறகே கனடா திருத்தியது.

அதோடு, ஊர் என்பது வேலை வாய்ப்பை மட்டும் பார்த்து விடுகிற இடமா? பாட்டன் பூட்டனைப் புதைத்த இடம், மொழி புழங்கும் கடைசி இடம். ஊர்ச்சங்கம் வைத்து நடத்தும் நமக்கு இது புரியாத விஷயம் இல்லை.

அரசு பொறுப்பாளர் என்கிறீர்கள். பொறுப்பாளர் ஏமாற்றினால்?

இதற்கு வன்கூவர் மஸ்குயம் மக்களின் வழக்கே பதில். 1958-ல் அவர்களுடைய 162 ஏக்கரை ஒரு கோல்ஃப் கழகத்துக்குக் குத்தகைக்கு விடக் கூட்டம் நடந்தது. கூட்டத்தில் சொன்ன நிபந்தனைகள் வேறு, அதிகாரிகள் பின்னர் கையெழுத்திட்ட நிபந்தனைகள் வேறு. வாடகை கழகத்துக்கு மிகச் சாதகம். குத்தகைப் பத்திரத்தின் பிரதியே 1970 வரை அவர்களுக்குக் கிடைக்கவில்லை. 1984-ல் உச்ச நீதிமன்றம், அரசு ரிசேர்வ் காணியைக் கையாளும்போது அந்த மக்களின் நலனைக் காக்கும் கடமை அதற்கு உண்டு, அதை மீறினால் நீதிமன்றம் தட்டிக்கேட்கலாம் என்று தீர்ப்பளித்து, ஒரு கோடி டொலர் நட்டஈட்டை உறுதிசெய்தது. அதன்பின் வந்த காணி வழக்குகள் பலவற்றில் இந்தத் தீர்ப்புத்தான் முதலில் மேற்கோள் காட்டப்படுகிறது.

காணியைத் திருப்பியும் கொடுக்கிறார்களா?

கொடுக்கிறார்கள், மெதுவாக. புல்வெளி மாகாணங்களில் ஒப்பந்தக் கணக்குப்படி (மேலே சொன்ன தலைக்கு இத்தனை ஏக்கர்) வரவேண்டிய காணி பல சமூகங்களுக்கு முழுவதாக அளந்து கொடுக்கப்படவே இல்லை. அந்தப் பாக்கிக்கு இப்போது பணம் கொடுக்கிறார்கள். விற்க விரும்புகிறவரிடம் அவர்கள் வாங்கி ரிசேர்வாக மாற்றலாம். 1988-ல் மஸ்கெக் லேக் க்ரீ மக்கள் சஸ்கற்றூன் நகருக்குள்ளேயே ஒரு ரிசேர்வை உருவாக்கினார்கள். இன்று அங்கே அலுவலகங்களும் வியாபாரங்களும் நடக்கின்றன. வின்னிபெக்கில் கைவிடப்பட்ட கப்யோங் இராணுவ முகாமின் 160 ஏக்கரில் பெரும்பகுதி, நீண்ட வழக்குக்குப் பின், 2022-ல் முதலாம் ஒப்பந்தத்தின் ஏழு சமூகங்களுக்கு ரிசேர்வானது.

நான் வாங்கிய வீடு அவர்கள் காணியில் என்று நாளைக்கு வந்து கேட்பார்களா?

ஒன்ராறியோவில் உள்ளவர்கள் இதற்காகத் தூக்கம் இழக்க வேண்டாம். மத்திய அரசின் கோரிக்கைக் கொள்கைப்படி தனியார் காணி பறிக்கப்படுவதில்லை. தீர்வு பணமாக வருகிறது. ரொறன்ரோவும் வில்லியம்ஸ் ஒப்பந்தங்களும் அப்படித்தான் தீர்ந்தன. வழக்குகளில் பெரும்பாலும் பிரதிவாதி அரசு, நீங்கள் அல்ல.

பிரிட்டிஷ் கொலம்பியா வேறு. அங்கே ஒப்பந்தமே செய்யாததால் அடிப்படைக் கேள்வி திறந்தே கிடக்கிறது. 2014-ல் சில்கோட்டின் மக்களுக்குச் சுமார் 1,750 சதுர கிலோமீற்றர் மீது முழு உரிமையை உச்ச நீதிமன்றம் அறிவித்தது. அதில் தனியார் காணி சேர்க்கப்படவில்லை. 2025 ஆகஸ்டில் றிச்மண்ட் பகுதியில் கவுச்சன் மக்களுக்குச் சாதகமாக வந்த மாகாண நீதிமன்றத் தீர்ப்பு தனியார் காணியையும் தொட்டது. அது மேன்முறையீடு செய்யப்பட்டது. அங்கே வீடு வாங்குகிறவர்கள் செய்தி வாசித்துக்கொண்டு, வழக்கறிஞரிடம் ஒரு வார்த்தை கேட்பது நல்லது.

அமெரிக்காவிலும் இதே கதைதானா?

வேர் ஒன்று, கிளை வேறு. அங்கே 1887-ல் வந்த டோஸ் சட்டம் பொதுக் காணியைத் தனித்தனியாகப் பங்கிட்டு, மிஞ்சியதை வெளியாருக்குத் திறந்துவிட்டது. 13.8 கோடி ஏக்கர் 1934-க்குள் 4.8 கோடியாகச் சுருங்கியது. ‘ஆளுக்கு ஆள் உறுதி எழுதிக் கொடுத்தால் முன்னேறுவார்கள்’ என்று ரிசேர்வ் பற்றி யோசனை சொல்பவர்கள் இந்தக் கணக்கை ஒருமுறை பார்க்க வேண்டும். 1969-ல் கனடாவும் இந்தியர் சட்டத்தையும் தனி அந்தஸ்தையும் ஒழிக்கப் பார்த்தது. முதற்குடிகள் அந்தச் சட்டத்தை வெறுத்தாலும் கடுமையாக எதிர்த்தார்கள். காணிப் பாதுகாப்பும் சேர்ந்து போய்விடும் என்று அவர்களுக்குத் தெரியும். அரசு பின்வாங்கியது.

நாங்களே காணி இழந்து அகதியாக வந்தவர்கள். இதில் எங்களுக்கு என்ன சம்பந்தம்?

பழி நம்முடையது அல்ல. ஆனால் ஒப்பந்தத்தில் இரண்டு பக்கம் உண்டு. குடியுரிமைச் சத்தியப்பிரமாணம் எடுத்த அன்றே நாம் மறுபக்கத்தில் சேர்ந்துவிட்டோம். 2021-லிருந்து அந்தப் பிரமாண வாசகத்திலேயே பூர்வகுடிகளின் ஒப்பந்த உரிமைகள் சேர்க்கப்பட்டிருக்கின்றன. நாம் வீடு வாங்குவது, வரி கட்டுவது, வாக்களிப்பது எல்லாம் அந்த ஒப்பந்தங்களின் மேல்தான் நிற்கின்றன. என் கருத்தில், தேர்தலில் வேட்பாளர் வீட்டுக்கதவைத் தட்டும்போது குடிவரவு, மருத்துவமனை பற்றிக் கேட்பதோடு நெஸ்கன்டாகா தண்ணீரைப் பற்றியும் ஒரு கேள்வி கேட்க நமக்குக் கடமை உண்டு.

பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஒரு ரிசேர்வுக்குப் போகலாமா?

போகலாம். ரொறன்ரோவிலிருந்து கிட்டத்தட்ட ஒன்றரை மணி நேர ஓட்டத்தில் சிக்ஸ் நேஷன்ஸ். அங்கே ஜூலையில் நடக்கும் பவ்வவ் திருவிழா எல்லாருக்கும் திறந்தது. பிரான்ட்ஃபர்டில் உள்ள வுட்லண்ட் பண்பாட்டு நிலையத்துக்கும் போங்கள். அதன் வளாகத்தில் இருக்கும் செங்கல் கட்டடம் 1970 வரை மோஹாக் விடுதிப் பள்ளியாக இருந்தது. சிறு பிள்ளைகளாக இருந்தால் என்ன பார்க்கப்போகிறோம் என்று முன்னரே சொல்லிக் கூட்டிப்போங்கள். பவ்வவில் ஆடுகிறவர்கள் அணிவது விழாவுக்குரிய உடை, தொடக்கூடாது. ஒருவரைப் படம் எடுக்குமுன் கேளுங்கள். சில ஆட்டங்களுக்கு அறிவிப்பாளர் படம் எடுக்க வேண்டாம் என்பார். அப்போது போனைப் பைக்குள் வைத்துவிடுங்கள். கைவினைப் பொருள் வாங்குவதானால் செய்தவரிடமே வாங்குங்கள்.